கோட்டின்யோவின் படங்களில் எதை முதலில் பார்ப்பது?

பிரேசில் ஆவணப்படம் ஒன்றைத் திரையிடலாம் என்று பேச்சு வந்தால் எடுவார்டோ கோட்டின்யோவின் பெயர் வந்தே தீரும். பிரேசில் விமர்சகர்களின் சங்கமான அப்ராசினே 2017இல் அந்த நாட்டின் சிறந்த 100 ஆவணப்படங்களை வரிசைப்படுத்தியபோது முதல் இரண்டு இடங்களும் அவருக்கே போயின. ஆள் யார் என்பதில் குழப்பமில்லை. எந்தப் படம் என்பதில்தான் இழுபறி. அரைநூற்றாண்டு வேலை செய்தவர். சின்னதும் பெரியதுமாக ஏகப்பட்ட படங்கள். ஒரு மாலைப் பொழுதும் ஒரு சிறிய அரங்கும் இருக்கின்றன; அவர் படத்தைப் பார்த்தே இராதவர்கள் வருகிறார்கள். எதைப் போடுவது?

வழக்கமாக நாம் தலைப்பை வைத்துத் தேர்ந்தெடுப்போம். நிலப் போராட்டம் வேண்டுமா, இது. சேரி வாழ்க்கையா, அது. தொழிற்சங்கமா, இன்னொன்று. கோட்டின்யோ விஷயத்தில் இந்த வழி உதவாது. அவர் படங்களில் தலைப்பு என்பது ஒரு வீட்டுக் கதவைத் தட்டுவதற்கான சாக்கு மட்டும்தான். எதிரில் உட்கார்ந்திருப்பவர் பேசத் தொடங்கிய பத்தாவது நிமிஷத்தில் ‘சமூகப் பிரச்சினை’ பின்னுக்குப் போய், அந்த மனிதர் முன்னால் வந்துவிடுவார். அதனால் நான் வேறு ஒன்றைப் பார்ப்பேன்: படம் எடுக்கிறவருக்கும் எடுக்கப்படுகிறவருக்கும் நடுவே என்ன நடக்கிறது என்பது, முதல் முறை பார்க்கிறவர் கண்ணுக்கு எந்தப் படத்தில் பளிச்சென்று தெரிகிறது? அதோடு மூன்று நடைமுறைக் கேள்விகள். எவ்வளவு நீளம்? பிரேசில் வரலாறு எவ்வளவு தெரிந்திருக்க வேண்டும்? சப்டைட்டில் சுமை எவ்வளவு? கடைசியாகச் சொன்னது சின்ன விஷயமில்லை. இவர் படங்கள் பேச்சாலேயே ஆனவை. இரண்டு வரி தவறவிட்டால் ஒரு ஆளையே தவறவிட்ட மாதிரி.

அவரைப் பற்றிக் கொஞ்சம். 1933இல் சாவ் பாவ்லோவில் பிறந்தவர். சட்டப் படிப்பைப் பாதியில் விட்டவர். 1957இல் தொலைக்காட்சி வினாடிவினா ஒன்றில் சாப்ளினைப் பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்லிப் பரிசு வென்று, அந்தப் பணத்தில் பாரிஸுக்குத் திரைப்படம் படிக்கப் போனார். திரும்பி வந்து மாணவர் சங்கத்தின் பண்பாட்டு மையத்தில் சேர்ந்தார். கதைப் படங்களுக்குத் திரைக்கதை எழுதினார். 1970களின் நடுவிலிருந்து குளோபோ தொலைக்காட்சியின் செய்திப்பட நிகழ்ச்சியில் வேலை பார்த்தார். 2014 பிப்ரவரி 2 அன்று, 80 வயதில், ரியோவில் தன் வீட்டிலேயே கத்திக்குத்துக்குப் பலியானார்.

முதல் இடத்துக்கு இயல்பாகவே வந்து நிற்கும் படம் ‘காப்ரா மார்காடோ பாரா மோரர்’. சாகக் குறிக்கப்பட்டவன் என்று சொல்லலாம். இதன் பின்கதையே ஒரு படத்துக்கு ஆகும். வடகிழக்கில் பராயிபா மாநிலத்தின் சாப்பே ஊரில் விவசாயிகள் சங்கத் தலைவர் ஜுவாவ் பெட்ரோ டெய்ஷேரா 1962 ஏப்ரலில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவர் கதையை நடிகர்கள் இல்லாமல், விவசாயிகளையே நடிக்க வைத்து எடுக்கக் கிளம்பினார் கோட்டின்யோ. ஜுவாவ் பெட்ரோவின் மனைவி எலிசபெத் தன் வேடத்தைத் தானே ஏற்றார். சாப்பே பக்கம் மோதலும் போலீஸ் காவலுமாக இருந்ததால், பக்கத்து மாநிலமான பெர்னம்புகோவின் கலிலேயா பண்ணைக்குப் படப்பிடிப்பு மாறியது. அந்த நாட்டு விவசாயிகள் சங்க இயக்கம் 1950களில் வேர்விட்ட இடமே அந்தப் பண்ணைதான். 1964 பிப்ரவரியில் தொடங்கினார்கள். ஏப்ரல் 1 வாக்கில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. கேமராவும் கருவிகளும் பறிபோயின. குழுவில் சிலர் கைதானார்கள். எடுத்த நெகட்டிவில் பெரும்பகுதி அதற்குள் ரியோவில் லேபுக்குப் போயிருந்ததால் மட்டுமே பிழைத்தது.

பதினேழு வருஷம் கழித்து, 1981இல், அவர் திரும்பிப் போகிறார். முதல் வேலையாகக் கலிலேயாவில் இரவில் திரை கட்டி, புரொஜக்டர் வைத்து, பழைய காட்சிகளை ஓட்டுகிறார். நடித்தவர்கள் தங்கள் இளவயது முகத்தைப் பார்த்துச் சிரிக்கிறார்கள், பக்கத்தில் இருப்பவரை இடிக்கிறார்கள், பேர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள். சிறையில் வருஷக்கணக்கில் கிடந்து, அடியில் ஒரு கண்ணையும் ஒரு காதையும் இழந்த விவசாயி ஒருவர், தன்னிடமிருந்து பறிக்கப்பட்டவற்றை ஒவ்வொன்றாகச் சொல்லும்போது கைக்கடிகாரத்தையும் அந்தக் கணக்கில் சேர்க்கிறார். அழுது புலம்பிச் சொல்லியிருந்தால் இவ்வளவு தைக்காது.

எலிசபெத் அந்தப் பதினேழு வருஷமும் வேறு பெயரில், ரியோ கிராண்டே டோ நோர்ட்டே மாநிலத்தின் ஒரு சிற்றூரில் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்தும் துணி துவைத்தும் மறைந்து வாழ்ந்திருக்கிறார். பதினோரு பிள்ளைகளில் ஒரே ஒரு மகன்தான் கூட. முதல் நாள் பேட்டியில், படக்குழுவோடு வந்த பெரிய மகன் பக்கத்தில் நின்று, கெடுபிடியைத் தளர்த்திய அன்றைய ராணுவ அதிபருக்கு நன்றி சொல்லச் சொல்லி அம்மாவை நெருக்குகிறார். அவரும் தயங்கித் தயங்கிச் சொல்கிறார். மூன்றாம் நாள் குழு விடைபெற்று வண்டியில் ஏறிய பிறகு, கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருக்க, அந்த அம்மா நிமிர்ந்து நிற்கிறார். பசியும் அரைவயிற்றுக் கூலியும் இருக்கிறவரை போராட்டம் ஓயாது என்று, மேடைப் பேச்சாளரின் தொனியில் கொட்டித் தீர்க்கிறார். பதினேழு வருஷத்து அச்சம் உரிந்து விழுவது கண்முன்னால் நடக்கிறது.

மகத்தான படம், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனாலும் முதல் படமாக இதைப் போடத் தயங்குவேன். இரண்டு மணி நேரம் ஓடுகிறது. 1964க்கு முந்தைய அரசியல் தெரியாதவருக்கு முதல் அரைமணி நேரம் பெயர்களின் வரிசையாகவே போகும். மூன்று குரல்கள் மாறி மாறிப் பின்னணி உரை வாசிக்கின்றன. கேட்டுக்கொண்டே கீழே வரிகளைப் படித்து, கறுப்பு வெள்ளைக் காட்சியிலிருந்து வண்ணக் காட்சிக்கும் தாவ வேண்டும். இன்னொன்று: பின்னணி உரையே வேண்டாம் என்று பின்னால் வாழ்நாள் முழுக்க இருந்த ஒருவரை, உரை நிரம்பிய படத்தில் முதலில் சந்திப்பது கொஞ்சம் தப்பான அறிமுகம். 1964இன் ராணுவ ஆட்சி பற்றி முன்பே படித்த கூட்டம் என்றால் இந்தத் தயக்கம் வேண்டியதில்லை, நேராகப் போட்டுவிடலாம்.

அப்புறம் ‘போக்கா டி லீஷோ’. 1992இல் எடுத்தது. ஏறத்தாழ 50 நிமிடம். ரியோவை அடுத்த சாவ் கொன்சாலோ நகரின் இட்டாவோகா குப்பைக் கிடங்கு. அதில் பொறுக்கிப் பிழைக்கிறவர்கள். கேட்டவுடன் என்ன படம் என்று நமக்குத் தெரிந்துவிட்ட மாதிரி இருக்கிறது, இல்லையா? லாரி வந்து கொட்டும், கழுகுகள் வட்டமிடும், பன்றிகள் மேயும், குழந்தைகள் ஓடும், சோகமான இசை, மனசாட்சியைக் குத்தும் ஒரு கேள்வி. முதல் சில நிமிடங்கள் உண்மையிலேயே அப்படித்தான் போகும். அப்புறம் ஆட்கள் கேமராவைப் பார்த்துவிடுகிறார்கள்.

சிலர் முகத்தைத் துணியால் மூடுகிறார்கள். சிலர் முதுகைக் காட்டுகிறார்கள். ஒரு பையன் நேராகவே கேட்டுவிடுகிறான்: இதை எங்கள் மூஞ்சியில் வைப்பதால் உங்களுக்கு என்ன கிடைக்கிறது? உண்மை வாழ்க்கையைக் காட்டத்தான் என்கிற மாதிரி கோட்டின்யோ ஏதோ சொல்கிறார். அந்தப் பதில் நிற்கவில்லை என்பது அவருக்கே தெரிகிறது. வேறு இயக்குநராக இருந்தால் எடிட்டிங்கில் முதலில் வெட்டியிருக்கக்கூடிய இடம் இது. இவர் இதையே படத்தின் வாசலாக வைத்துவிட்டார்.

அதற்கப்புறம் அவர் செய்வதுதான் அழகு. எடுத்த வீடியோவிலிருந்து முகங்களைக் காகிதத்தில் நகலெடுத்துக் கொண்டு திரும்ப வருகிறார். இது யார், இவரைத் தெரியுமா என்று கேட்டுக் காகிதத்தைக் கையில் கொடுக்கிறார். பார்த்தவர்கள் சிரிக்கிறார்கள், கேலி செய்கிறார்கள், காகிதத்தைப் பிடுங்கிக்கொள்கிறார்கள். மூடியிருந்த முகங்கள் ஒவ்வொன்றாகத் திறக்கின்றன. பெயர் வருகிறது, பிறகு வீடு, பிறகு அடுப்படி, கணவன், பிள்ளை. குப்பைமேட்டில் கம்பியோடு குனிந்து நின்ற பெண் தன் வீட்டில் சுத்தமான உடையில் உட்கார்ந்து பேசும்போது, அவரை ‘குப்பை பொறுக்குகிறவர்’ என்ற ஒரே சொல்லில் அடைத்து வைத்திருந்தது யார் என்ற கேள்வி பார்க்கிறவர் பக்கம் திரும்புகிறது. பாடகி ஆக ஆசைப்படும் ஒரு பெண் பிள்ளை பாடிக் காட்டுகிறாள். இங்கே கிடைப்பதைத்தான் தின்கிறோம் என்று டிவியில் காட்டி எங்களைக் கேவலப்படுத்தாதீர்கள் என்று சண்டைக்கு வருகிறவர்களும் உண்டு. எஜமானி வீட்டில் வாங்கும் வசவைவிட இது மேல் என்கிறவர்களும் உண்டு. இந்த இரண்டு பேச்சும் ஒரே ஆளிடமிருந்துகூட வரலாம். படம் யாரையும் திருத்துவதில்லை.

முடிவில் கிடங்குக்கே ஒரு டிவியைக் கொண்டுவந்து, எடுத்ததை அவர்களுக்கே போட்டுக் காட்டுகிறார். கலிலேயாவில் திரை கட்டியதன் தொடர்ச்சி இது. எடுக்கப்பட்டவர்களுக்குத் தங்கள் உருவம் திரும்பப் போய்ச் சேர வேண்டும் என்பது இவரிடம் ஒரு பழக்கமாகவே இருந்தது. வரலாறு தெரிய வேண்டியதில்லை, பெயர்கள் குறைவு, நேரம் கம்மி. ஒரே குறை படத்தரம். வீடியோவில் எடுத்தது, பெரிய திரையில் மங்கலாகத்தான் தெரியும். அரங்கு பெரியது என்றால் முன்கூட்டியே ஒரு தடவை ஓட்டிப் பார்த்துவிடுவது நல்லது.

‘சாந்தோ ஃபோர்ட்டே’யை (1999) வேகமாகக் கடக்கிறேன், சுமாரான படம் என்பதால் இல்லை. ரியோவின் காவியா பகுதியை ஒட்டிய ஒரு சேரியில், 1997இல் போப்பாண்டவர் ரியோவில் திருப்பலி நடத்திய நாளில் படம் தொடங்குகிறது. மக்கள் தங்கள் நம்பிக்கையைப் பற்றிப் பேசுகிறார்கள்: கத்தோலிக்கம், ஆப்பிரிக்க வேர் கொண்ட உம்பாண்டா, பெந்தெகொஸ்தே, பல சமயம் மூன்றும் ஒரே வீட்டில். ஒருவர் மீது சாமி இறங்கிய கதையை அவர் கணவர் சொல்கிறார். முற்றம் முழுக்க ஆவிகள் இருக்கின்றன என்று ஒரு மூதாட்டி சொன்னதும் கேமரா அந்த வெறும் முற்றத்தைக் காட்டிவிட்டு நகர்கிறது. நம்புங்கள் என்றோ நம்பாதீர்கள் என்றோ ஒரு குறிப்பும் கிடையாது. பேசியவருக்குப் பணம் கொடுப்பதைக்கூட மறைக்காமல் படத்திலேயே காட்டியிருக்கிறார். பின்னாளில் இறுகிப்போன அவருடைய முறை இங்கேதான் உருவாகிறது: ஒரே இடம், எதிரெதிரே இருவர், இசை இல்லை, விளக்கம் இல்லை. எடிட்டர் ஜோர்டானா பெர்க் அவரோடு சேர்ந்ததும் இந்தக் கட்டத்தில்தான். ஆனால் யார் எந்தச் சாமி, எந்தச் சபை என்பது வந்துகொண்டே இருக்கும். சப்டைட்டிலோடு அதையும் பின்தொடர்வது புதியவருக்குப் பாரம். மதமும் நாட்டார் வழிபாடும் பற்றி ஆர்வமுள்ள கூட்டம் என்றால் தாராளமாக எடுத்துக்கொள்ளலாம்.

பலரும் முதல் படமாகச் சிபாரிசு செய்வது ‘எடிஃபீஸியோ மாஸ்டர்’ (2002). கோபகபானா கடற்கரையிலிருந்து ஒரு தெரு தள்ளி ஒரு குடியிருப்பு. 12 மாடி, மாடிக்கு 23 வீடு, ஆக 276 சின்னச் சின்ன வீடுகள், சுமார் 500 பேர். படக்குழு அங்கேயே ஒரு வீட்டை வாடகைக்கு எடுத்து, ஆள் தேடி, ஒரே வாரத்தில் படமாக்கியது. 37 பேர் பேசுகிறார்கள். சேரியும் இல்லை, வறட்சியும் இல்லை. நடுத்தர வர்க்கத்தின் கீழ்த்தட்டு. பிரேசில் என்றால் இரண்டு வகைப் படம்தான் வரும் என்று இருப்பவர்களுக்கு இது நல்ல மருந்து.

குடியிருப்பின் நிர்வாகி, குடித்தனக்காரர்களைச் சமாளிக்கத் தான் முதலில் பியாஜேயைக் கடைப்பிடிப்பதாகவும், சரிப்படாவிட்டால் பினோஷேவுக்கு மாறிவிடுவதாகவும் சொல்வார். குழந்தை உளவியல் அறிஞரிலிருந்து சிலி சர்வாதிகாரிக்கு ஒரே தாவல். கண்ணைப் பார்த்துப் பேச முடியாத ஆங்கில ஆசிரியை ஒருவர், ஏன் முடியவில்லை என்பதை எங்கோ பார்த்தபடியே துல்லியமாக விளக்குகிறார். பாலியல் தொழில் செய்யும் இளம்பெண், தான் நன்றாகப் பொய் சொல்வேன், சொல்லும் பொய்யைத் தானே நம்பிவிடுவேன் என்கிறார். அப்படியானால் இவ்வளவு நேரம் சொன்னது? தனியாக வாழும் முதியவர் ஒருவர் அமெரிக்கப் பாடகர் சினாட்ராவைச் சந்தித்த கதையைச் சொல்லிவிட்டு, ‘மை வே’ பாட்டை ஒலிக்கவிட்டுக் கூடவே உரக்கப் பாடுகிறார். அந்தக் காட்சியைப் பார்த்துச் சிரிப்பதா கலங்குவதா என்று தெரியாமல் உட்கார்ந்திருப்போம்.

இதில் எனக்குள்ள ஒரே தடை, அது அரங்குக்கான படமில்லை என்பது. 110 நிமிடம், 37 பேர், கதையோட்டம் என்று ஒன்றும் கிடையாது. கூட்டமாகப் பார்க்கும்போது எழுபதாவது நிமிடத்தில் நாற்காலிகள் நெளிய ஆரம்பிக்கும். வீட்டில் தனியாக, நிறுத்தி நிறுத்தி, பத்துப் பேரைப் பார்த்துவிட்டு மீதியை மறுநாளைக்கு வைத்துக்கொண்டு பார்த்தால் இதைவிட நல்ல தொடக்கம் இல்லை. அடுக்குமாடியில் குடியிருப்பவர்களுக்கு இரட்டிப்புச் சந்தோஷம்.

‘ஜோகோ டி சேனா’ (2007) விஷயம் வேறு. செய்தித்தாளில் விளம்பரம் கொடுத்து, சொல்வதற்குக் கதை உள்ள பெண்களை வரச் சொன்னார்கள். 83 பேர் வந்தார்கள், 23 பேரைத் தேர்ந்தெடுத்தார்கள். ரியோவில் ஒரு காலி நாடக அரங்கில், இருக்கைகளுக்கு முதுகு காட்டி உட்கார்ந்து அவர்கள் பேசினார்கள். அப்புறம் அதே கதைகளை நடிகைகளைக் கொண்டும் சொல்ல வைத்து, இரண்டையும் கலந்து விட்டார். மாரிலியா பேரா, ஆந்த்ரேயா பெல்ட்ரான், ஃபெர்னாண்டா டோரஸ் ஆகியோர் பிரேசிலில் எல்லாருக்கும் தெரிந்த முகங்கள். மற்ற நடிகைகள் தெரியாத முகங்கள். எனவே யார் சொல்வது சொந்தக் கதை, யார் சொல்வது இரவல் கதை என்ற பிடி கொஞ்சம் கொஞ்சமாக நழுவுகிறது. டோரஸ் நடுவில் தடுமாறி, முடியவில்லை என்று நிறுத்துகிறார். பேராவோ கண்ணீர் வரவழைக்கும் குச்சியைக் கைவசம் கொண்டுவந்ததாகச் சொல்லிவிட்டு, நிஜமாக அழுகிறவர் கண்ணீரை மறைக்கத்தான் பார்ப்பார், நடிகை காட்டப் பார்ப்பாள் என்கிறார். நடிப்பு சொல்லித்தரும் வகுப்புகளில் இந்த ஒரு நிமிடத்தைப் போட்டால் போதும்.

சிக்கல் இதுதான்: பிரேசில்காரர்களுக்கு முதல் பார்வையிலேயே நடிகை யார் என்று தெரியும், அந்த அறிவின் மேல்தான் படம் விளையாடுகிறது. நமக்கு எல்லா முகமும் புதுசு. 2025இல் ‘ஐம் ஸ்டில் ஹியர்’ படத்துக்காக கோல்டன் குளோப் வாங்கிய பிறகு டோரஸை மட்டும் பலர் அடையாளம் கண்டுகொள்வார்கள். அது ஓரளவு உதவும். மற்ற இருவரின் புகைப்படத்தை மட்டும் முன்னால் காட்டிவிட்டுத் திரையிடலாம். எதையும் அதிகமாக விளக்கிவிட்டால் ஆட்டம் கெட்டுவிடும்.

தொழிற்சங்க நண்பர்கள் ‘பியோய்ஸ்’ (2004) கேட்பார்கள். சாவ் பாவ்லோவை ஒட்டிய ஆலைப் பகுதியில் 1979-80 வேலைநிறுத்தங்களில் நின்ற, பெயர் தெரியாத உலோகத் தொழிலாளர்களைத் தேடிப்பிடித்து, லூலா அதிபராகத் தேர்வான 2002 தேர்தல் நேரத்தில் எடுத்த படம். கடைசிப் பேட்டியில் ஒரு தொழிலாளி நீண்ட மௌனத்துக்குப் பிறகு கோட்டின்யோவைக் கேட்கிறார்: நீங்கள் எப்போதாவது கூலித் தொழிலாளியாக இருந்திருக்கிறீர்களா? இல்லை என்கிறார் அவர். குப்பைமேட்டுப் பையன் கேட்ட கேள்விக்கு அக்காவோ தங்கையோ இது. லூலாவின் கதை ஓரளவாவது தெரிந்தவர்களுக்கு நன்றாகப் போய்ச்சேரும்.

மற்றவற்றை இப்போதைக்குத் தள்ளி வைக்கலாம். ‘மாஸ்கோ’ (2009) செக்காவ் நாடகத்தை ஒத்திகை பார்க்கும் ஒரு நாடகக் குழுவைப் பற்றியது. கோட்டின்யோ ரசிகர்களுக்கே கை கொடுக்காத படம். ஒரு முழு நாள் பிரேசில் தொலைக்காட்சியைப் பதிவு செய்து வெட்டி ஒட்டிய ‘ஒரு நாள் வாழ்வில்’ உரிமைச் சிக்கலால் முறையாக வெளியாகவே இல்லை. ஆட்கள் தங்கள் வாழ்க்கையின் பாட்டைப் பாடிக்காட்டும் ‘அஸ் கன்சோயிஸ்’ (2011) இனிமையானது, ஆனால் பாட்டு மொழியில் சிக்கிக்கொள்கிறது. அவர் இறந்த பிறகு எடிட்டர் பெர்க்கும் தயாரிப்பாளர் ஜுவாவ் மொரேரா சாலஸும் முடித்துக் கொடுத்த ‘கடைசி உரையாடல்கள்’ (2015), கோட்டின்யோவே கேமரா முன் உட்கார்ந்து இந்தப் படம் தேறாது என்று அலுத்துக்கொள்வதில் தொடங்குகிறது. அந்த அலுப்பின் எடை தெரிய அவரை முன்பே பழகியிருக்க வேண்டும்.

ஆக, அரங்கும் கூட்டமும் என்றால் என் ஓட்டு ‘போக்கா டி லீஷோ’வுக்கு. படம் முடிந்த பிறகும் ஒரு மணி நேரம் கையில் இருக்கும். அந்தப் பையனின் கேள்விக்கு நம்மில் யாரிடமாவது பதில் இருக்கிறதா என்று பேசலாம். எப்படியும் அதைத்தான் பேசுவார்கள். அடுத்த மாதம் ‘காப்ரா’. இந்த வரிசையில் பார்த்தால், கலிலேயாவில் திரை கட்டும் காட்சி வரும்போது அவர் என்ன செய்கிறார் என்று யாரும் சொல்லித்தர வேண்டியிருக்காது. 1964 பற்றி அரைப் பக்கக் குறிப்பு ஒன்றை அச்சடித்து வாசலில் கொடுத்துவிட்டால் அந்த முதல் அரைமணி நேரமும் தாண்டிவிடும். தனி ஆளாக வீட்டில் என்றால் ‘மாஸ்டர்’ முதலில், ‘ஜோகோ டி சேனா’ அதற்கு அடுத்து. இரண்டையும் ஒரே இரவில் மட்டும் வேண்டாம்.